பிரிட்டனி: ஊர்ப் பலகையிலிருந்து தொடங்கும் அறிமுகம்

பாரிஸின் மோன்பர்னாஸ் நிலையத்தில் அதிவேக ரயில் ஏறினால் ஒன்றரை மணி நேரத்தில், பிரான்ஸின் மேற்குக் கோடித் தீபகற்பமான பிரிட்டனியின் ரென் நகரம் வந்துவிடும். அங்கிருந்து மேற்கே, கடல் இருக்கும் திசையில் போகப் போக, ஊர்ப் பலகைகளில் ஒரே ஊருக்கு இரண்டு பெயர்கள் தெரியும். வான் என்ற ஊரின் பெயருக்குக் கீழே குவேனெட் என்றிருக்கும். கடைசி மாவட்டமான ஃபினிஸ்தேருக்குள் நுழைந்தால் அதன் இன்னொரு பெயர் பென்-அர்-பேட். முதல் பெயர் பிரெஞ்சு. இரண்டாவது, இந்த மண்ணின் பிரெத்தோன் மொழி. புதிதாகப் போகிறவர்கள் பெரும்பாலும் பலகையைக் கடந்து, கல்வரிசை, கலங்கரை விளக்கம், கிரேப் என்ற மெல்லிய தோசை விற்கும் கடை என்று நேராகப் போய்விடுகிறார்கள். என்னைக் கேட்டால், அந்தப் பலகை முன்னால் கொஞ்ச நேரம் நிற்பது நல்லது. பிரெத்தோன் மக்கள் யார் என்ற கேள்விக்கு அங்கேயே பாதி விடை இருக்கிறது.

முதலில் பிரிட்டனி என்ற பெயரை எடுத்துக்கொள்வோம். பிரிட்டன் போலவே ஒலிக்கிறதே என்று தோன்றினால், அது சரியான சந்தேகம். ரோமானியப் பேரரசு மேற்கில் சரிந்துகொண்டிருந்த 5, 6ஆம் நூற்றாண்டுகளில், பிரிட்டன் தீவின் தென்மேற்கிலிருந்தும் வேல்ஸிலிருந்தும் கெல்டிக் மொழி பேசிய மக்கள் கடல் கடந்து இந்தத் தீபகற்பத்தில் குடியேறினார்கள். அதற்கு முன் இதற்கு ஆர்மோரிகா என்று பெயர்; கடலோர நாடு என்று பொருள். வந்தவர்கள் மொழியோடு பெயரையும் கொண்டுவந்தார்கள். பிரெஞ்சில் இன்றும் இந்தப் பகுதி 'பிரெத்தாஞ்', எதிர்க்கரையில் உள்ள தீவு 'பெரிய பிரெத்தாஞ்'. கிரேட் பிரிட்டனில் உள்ள அந்த 'கிரேட்', இந்தச் சின்ன பிரிட்டனிலிருந்து பிரித்துச் சொல்வதற்காக ஒட்டிக்கொண்ட சொல்தான். இங்கே தென்மேற்கில் கோர்னுவாய் என்றொரு நாட்டுப்புறம் உண்டு. எதிர்க்கரைக் கார்ன்வாலின் பெயரே அது. குடிபெயர்ந்தவர்கள் விட்டுவந்த ஊரின் பெயரைப் புது ஊருக்கு வைப்பது எங்கும் நடப்பதுதானே.

அதனால் பிரெத்தோன் மொழி பிரெஞ்சின் வட்டார வழக்கு கிடையாது. அதற்கு நெருங்கிய உறவு வெல்ஷும் கார்னிஷும்தான். 1828 முதல் ரோஸ்கோஃப் துறைமுகத்து விவசாயிகள் வெங்காயத்தைச் சரம் சரமாகக் கோர்த்துப் படகில் ஏற்றிக்கொண்டு போய்ப் பிரிட்டனில் வீடு வீடாக விற்றார்கள். வேல்ஸுக்குப் போனவர்களுக்கு அங்குள்ள பேச்சில் பல சொற்கள் வீட்டுச் சொற்களாகவே கேட்டன. 1,300 ஆண்டு இடைவெளிக்குப் பிறகும் ஆட்டுக்கும் மாட்டுக்கும் ரொட்டிக்கும் பெயர் ஒட்டிப்போகிறது என்பது எனக்கு எப்போது நினைத்தாலும் மெய்சிலிர்க்க வைக்கும் விஷயம்.

சரி, பலகைக்குத் திரும்புவோம். நாலைந்து முன்னொட்டுகள் தெரிந்தால் வரைபடத்தையே படித்துவிடலாம். 'பிளூ' என்று தொடங்கினால் அது பெரும்பாலும் பழைய திருச்சபைப் பங்கு: பிளூகாஸ்தெல் போல. 'லான்' என்றால் துறவிகள் தங்கிய புனித இடம். 'லோக்' என்பதும் அப்படித்தான். லோக்ரோனான் என்றால் ரோனான் முனிவரின் இடம். 'த்ரே' குடியிருப்பு. 'கேர்' முதலில் அரண் சூழ்ந்த இடத்தைக் குறித்து, பிறகு சிற்றூர் என்றும் வீடு என்றும் ஆனது. கம்பேர் நகரத்தின் பெயருக்கு ஆறுகள் கூடும் துறை என்று பொருள். நகரின் நடுவே இரண்டு ஆறுகள் கலப்பதைப் போய்ப் பார்க்கலாம். மோர்பியான் என்ற மாவட்டப் பெயருக்குச் 'சின்னக் கடல்' என்று பொருள். அங்குள்ள உள்வாங்கிய வளைகுடாவைப் பார்த்தால் பெயர் வைத்தவரைப் பாராட்டத் தோன்றும்.

இவற்றில் எனக்குப் பிடித்தது பென்-அர்-பேட். ஃபினிஸ்தேர் என்ற பெயர் லத்தீனிலிருந்து வந்தது. நிலம் முடியும் இடம் என்று பொருள். பிரெத்தோன் பெயரில் 'பேட்' உலகம். 'பென்' என்ற சொல்லுக்கு முனை என்றும் பொருள் உண்டு, தலை என்றும் பொருள் உண்டு. பாரிஸிலிருந்து பார்த்தால் அது உலகத்தின் கடைக்கோடி. படகில் நின்று பார்க்கும் மீனவருக்கு அதே இடம் உலகம் தொடங்கும் தலை. வெளியாளின் பார்வைக்கும் உள்ளூர்ப் பார்வைக்கும் உள்ள தூரத்தை ஒரே பலகை காட்டிவிடுகிறது.

வெளியாள் பார்வை தவறிய இடங்களில் முதலில் சொல்ல வேண்டியது கார்னாக் கற்களை. 3,000க்கும் மேற்பட்ட நெடுங்கற்கள் வரிசை வரிசையாக நிற்கும் அந்த இடம் 2025இல் யுனெஸ்கோ உலக மரபுப் பட்டியலில் சேர்ந்தது. பக்கத்து லோக்மாரியாக்கேரில் 20 மீட்டர் நீளமுள்ள ஒரே கல் நான்கு துண்டாக உடைந்து கிடக்கிறது. ட்ரூயிடுகள் என்ற கெல்டிக் பூசாரிகள் இவற்றை எழுப்பினார்கள் என்று 18, 19ஆம் நூற்றாண்டு அறிஞர்களே எழுதினார்கள். இன்றும் பயணிகள் அப்படியே நம்புகிறார்கள். கற்கள் 6,000 ஆண்டுகளுக்கு மேல் பழையவை. கெல்டிக் மக்கள் இந்தப் பக்கம் வருவதற்கு மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அவை நின்றுகொண்டிருந்தன. 'மென்ஹிர்' என்ற பெயர் மட்டும் பிரெத்தோன்: மென் என்றால் கல், ஹிர் என்றால் நீளம்.

அரசியல் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 845இல் நோமினோயே என்ற தலைவர் பிராங்கிய அரசன் சார்லஸைப் பலோன் போரில் தோற்கடித்தார். அதன்பின் பல நூற்றாண்டுகள் பிரிட்டனி தனிக் கோமகர் நாடாக, ஒருபுறம் பிரான்ஸும் மறுபுறம் இங்கிலாந்தும் இழுக்கும் இழுப்பில் தாக்குப்பிடித்து நின்றது. 1488இல் பிரெஞ்சுப் படையிடம் தோல்வி. அதே ஆண்டு கோமகனும் இறந்துபோக, அவருடைய மகள் ஆன், பதினோரு வயதில் ஆட்சிப் பொறுப்புக்கு வந்தாள். 1491இல் பிரெஞ்சு அரசன் எட்டாம் சார்லஸுக்கு மனைவியானாள். அவன் இறந்ததும் அடுத்த அரசன் பன்னிரண்டாம் லூயியை மணந்தாள். இரண்டு முறை பிரான்ஸின் அரசியானவள் அவள் ஒருத்திதான். அவள் காலத்துக்குப் பிறகு 1532இல் இணைப்பு முறையாக நடந்தது. இங்குள்ள சபையின் சம்மதம் இல்லாமல் புது வரி போடக் கூடாது என்பது போன்ற உரிமைகளோடுதான் இணைந்தது. பிரிட்டனிக்கு உப்பு வரியும் கிடையாது. பிரான்ஸின் பெரும்பகுதியில் உப்பு விலை உயர்ந்த பொருளாக இருந்தபோது இங்கே தாராளமாகக் கிடைத்தது. பிரெத்தோன் வெண்ணெயில் உப்பு இருப்பதற்குக் காரணம் இதுதான். கடையில் உப்பு வெண்ணெய் வாங்கினால் அந்த உரிமையின் மிச்சம் உங்கள் கையில் இருக்கிறது.

1675இல் முத்திரைத்தாள் வரியை எதிர்த்துக் கிளம்பிய விவசாயிகள் சிவப்புக் குல்லாய் அணிந்தார்கள். 2013இல் சரக்கு லாரிகள் மீதான வரியை எதிர்த்து வீதிக்கு வந்தவர்களும் அதே சிவப்புக் குல்லாயைத்தான் மாட்டிக்கொண்டார்கள். இடையில் 1789 புரட்சி, மாகாணங்களின் தனி உரிமைகள் எல்லாவற்றையும் ஒரேயடியாக நீக்கியது. ஆன் பிறந்த நான்ட் நகரமும் இன்று பிரிட்டனி என்ற நிர்வாகப் பகுதியில் இல்லை. 1941இல், ஜெர்மானியர் பிரான்ஸைப் பிடித்திருந்த காலத்து விஷி அரசு அந்த மாவட்டத்தைப் பிரித்தது; போருக்குப் பின்னும் யாரும் திரும்பச் சேர்க்கவில்லை. கோமகர்களின் கோட்டை நான்டில் இருக்கிறது, பிரிட்டனியின் எல்லை அதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. இது இங்குள்ள பலருக்கு இன்னும் ஆறாத குறை.

இனிப் பயணிகள் என்ன பார்த்தார்கள் என்பதற்கு வருவோம். 1788இல் ஆங்கில வேளாண் எழுத்தாளர் ஆர்தர் யங் கோம்பூர் என்ற ஊர் வழியாகப் போனார். அழுக்கு, வறுமை, உடைந்த சாலை என்று கடுமையாகக் குறித்துவைத்தார். இந்த நாற்றத்தின் நடுவே கோட்டை வைத்திருப்பவர் யாராம் என்ற தொனியில் எழுதினார். அந்தக் கோட்டையில் வளர்ந்தவர்தான் பின்னாளில் பிரெஞ்சு இலக்கியத்தின் பெரும் பெயர்களில் ஒன்றான ஷத்தோப்ரியான். அடுத்த தலைமுறைப் பயணிகள் அதே வறுமையைத் தலைகீழாகப் படித்தார்கள். காலம் தொடாத நிலம், கள்ளமில்லாத மக்கள், மூடுபனி, பழைய பாட்டு என்று உருகினார்கள். ரயில் 1857இல் ரென்னுக்கும், 1863இல் கம்பேருக்கும், 1865இல் பிரெஸ்டுக்கும் வந்தது. ஓவியர்கள் அதில் ஏறி வந்தார்கள். 1886இல் போன்-அவென் கிராமத்துக்கு வந்த ஓவியர் போல் கோகன், செலவு குறைவு, நாகரிகம் தீண்டாத இடம் என்று நம்பித் தங்கினார். 1888இல் அவர் வரைந்த படத்தில் வெள்ளைத் தலையணி அணிந்த பெண்கள் பிரசங்கம் முடிந்து நிற்கிறார்கள். சிவந்த தரையில் தேவதூதன் மல்யுத்தம் செய்கிறான். அற்புதமான படம் அது. ஆனாலும் அழுக்கு என்று ஒதுக்கியவரும் பழமை என்று கொண்டாடியவரும் ஒரு விஷயத்தில் ஒன்றுபட்டார்கள்: இந்த மக்கள் மாறாதவர்கள் என்று இருவருமே நினைத்தார்கள்.

அந்தத் தலையணியையே பாருங்கள். அஞ்சலட்டையில் வரும் உயரமான வெள்ளைக் குழல், போன்-லபே ஊரைச் சுற்றியுள்ள பிகூதேன் வட்டாரத்துக்கு மட்டும் உரியது. பிரிட்டனியின் ஒவ்வொரு வட்டாரத்துக்கும் தனித் தனி வடிவம் இருந்தது; தலையைப் பார்த்தே ஊரைச் சொல்லிவிடுவார்கள். 19ஆம் நூற்றாண்டில் பிகூதேன் தலையணியும் சிறியதாகத்தான் இருந்தது. பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்து உயர்த்திக்கொண்டே போய், இரண்டு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட காலத்தில்தான் அது 30 சென்டிமீட்டரைத் தாண்டியது. பயணி 'ஆதி காலத்து உடை' என்று படம் பிடித்தது உண்மையில் அன்றைய புது பாணி. தினமும் அதை அணிந்த பாட்டிமார்கள் இன்று இல்லை. விழா ஊர்வலங்களில் இளம்பெண்கள் அணிகிறார்கள்.

பாரிஸில் வேறொரு படம் உருவானது. பிழைப்புத் தேடி வந்த பிரெத்தோன் ஆண்கள் மண் வெட்டினார்கள், பெண்கள் வீட்டுவேலைக்குப் போனார்கள். ரயில் வந்து நின்ற மோன்பர்னாஸைச் சுற்றியே குடியிருந்தார்கள். இன்றும் அந்தத் தெருக்களில் கிரேப் கடைகள் நெருக்கியடித்து நிற்பது அதனால்தான். 1905இல் சிறுமிகளுக்கான ஒரு இதழில் பெக்கசின் என்ற சித்திரக்கதைப் பாத்திரம் வந்தது. நல்ல மனசு, ஆனால் மந்தபுத்தி உள்ள பிரெத்தோன் வேலைக்காரி. அவளுக்குப் பெரும்பாலும் வாய் வரையப்படுவதில்லை. வாயில்லாத அந்த முகத்தைப் பிரெத்தோன் மக்கள் எவ்வளவு வலியோடு பார்த்திருப்பார்கள் என்பது, பள்ளிக்கூடங்களில் நடந்ததைத் தெரிந்துகொண்டால் புரியும்.

1880களில் கட்டாயக் கல்வி வந்தபோது பல கிராமத்துப் பிள்ளைகளுக்குப் பிரெஞ்சில் ஒரு சொல்கூடத் தெரியாது. வகுப்பில் பிரெத்தோன் பேசி மாட்டிக்கொண்ட பிள்ளையின் கழுத்தில் ஒரு மரத்துண்டையோ பழைய மரச் செருப்பையோ தொங்கவிடுவார்கள். அதற்குச் 'சின்னம்' என்று பெயர். 'பசு' என்றும் சொன்னார்கள். அதைக் கழற்ற ஒரே வழி, பிரெத்தோன் பேசும் இன்னொரு பிள்ளையைப் பிடித்துக் கொடுப்பது. மாலையில் யார் கழுத்தில் இருக்கிறதோ அவருக்குத் தண்டனை. மொழியைக் கேவலம் என்று கற்றுக்கொடுத்ததோடு, கூட விளையாடும் பிள்ளையைக் காட்டிக்கொடுக்கவும் பழக்கியது அந்த முறை. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பெற்றோர்களே நிறுத்திக்கொண்டார்கள். தங்களுக்குள் பிரெத்தோன், பிள்ளையிடம் பிரெஞ்சு. தாங்கள் பட்டது பிள்ளை படக் கூடாது என்று எடுத்த முடிவு அது. அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது.

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் பேசிய மொழி, 2018 கணக்கெடுப்பில் 2 லட்சத்துக்கு வந்தது. 2024இல் 1,07,000. பேசுபவர்களில் பெரும்பகுதி வயதானவர்கள் என்பதால் எண்ணிக்கை இவ்வளவு வேகமாக இறங்குகிறது. இன்னொரு பக்கமும் உண்டு. 1977இல் சில பெற்றோர்கள் சேர்ந்து திவான் என்ற பள்ளியைத் தொடங்கினார்கள். முளை என்று பொருள். அங்கே பிள்ளைகள் எல்லாப் பாடத்தையும் பிரெத்தோனிலேயே படிக்கிறார்கள். அரசுப் பள்ளிகளிலும் கத்தோலிக்கப் பள்ளிகளிலும் இருமொழி வகுப்புகள் உண்டு. எல்லாம் சேர்த்து ஏறத்தாழ 20,000 மாணவர்கள். சட்டம் இன்னும் இழுபறிதான். குடியரசின் மொழி பிரெஞ்சு என்று 1992இல் அரசியலமைப்பில் எழுதினார்கள். வட்டார மொழிகள் பிரான்ஸின் மரபுச் சொத்து என்று 2008இல் சேர்த்தார்கள். 2021இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய வட்டார மொழிச் சட்டத்தில், முழுக்க வட்டார மொழியிலேயே கற்பிக்கும் முறையை அரசியலமைப்பு மன்றம் செல்லாது என்றது. பிரெத்தோன் பெயர்களில் 'ன' ஒலி எழுத்தின் மேல் வரும் சிறு வளைகோட்டைப் பிறப்புச் சான்றிதழில் எழுத வழிவிட்ட பிரிவையும் நீக்கியது. ஒரு வளைகோட்டுக்காகக் குடும்பங்கள் நீதிமன்றம் வரை போகின்றன.

இங்கே ஒரு திருத்தம் சொல்லியாக வேண்டும். பிரெத்தோன் பேசினால்தான் பிரெத்தோன் என்று எடுத்துக்கொண்டால் பாதி நாடு வெளியே போய்விடும். கிழக்கில், ரென்னைச் சுற்றி, மக்கள் பேசியது காலோ. அது லத்தீன் வழி வந்த, பிரெஞ்சுக்கு உறவான மொழி. கறுப்பு வெள்ளைக் கொடியைப் பாருங்கள். 'க்வென்-ஹா-தூ' என்றால் வெள்ளையும் கறுப்பும். 1920களில் மோர்வான் மார்ஷால் என்ற கட்டடக் கலைஞர் வடிவமைத்தார். ஐந்து கறுப்புப் பட்டைகள் காலோ பேசிய கிழக்கின் பழைய மறைமாவட்டங்களுக்கு, நான்கு வெள்ளைப் பட்டைகள் பிரெத்தோன் பேசிய மேற்குக்கு. இரண்டு மொழிப் பகுதிக்கும் இடம் வைத்துத்தான் தைத்திருக்கிறார்கள். இரண்டாம் உலகப் போரில் பிரெத்தோன் தேசியவாதிகளில் ஒரு சிறு கூட்டம் ஜெர்மானியரோடு சேர்ந்ததால், போருக்குப் பின் சில காலம் இந்தக் கொடியே சந்தேகத்துக்குரியதாக இருந்தது. இன்று நகராட்சி மன்றத்திலும் கால்பந்து மைதானத்திலும் பறக்கிறது. நீங்கள் பிரெத்தோனா பிரெஞ்சா என்று கேட்டால் பெரும்பாலானவர்கள் இரண்டும் என்றுதான் சொல்வார்கள். தனி நாடு கேட்பவர்கள் சிலர்தான்.

சாப்பாட்டில் குழப்பம் வேண்டாம்: பக்வீட் என்ற தானியத்தின் மாவில் மெல்லிசாக வார்ப்பது கலெத், அதில் முட்டை, பன்றித் தொடைக்கறி, பாலாடைக்கட்டி வைத்து மடிப்பார்கள். கோதுமை மாவில் வார்க்கும் இனிப்பு வகை கிரேப். வார்க்கும் வட்டக் கல்லுக்குப் பிலிக் என்று பெயர். தூவார்னனே ஊரின் குயின்-அமான் என்ற கேக்குக்கு 'வெண்ணெய்க் கேக்' என்றுதான் பொருள்.

லோரியான் துறைமுகத்தில் மட்டும் தமிழர்களுக்குக் கொஞ்சம் கூடுதல் வேலை இருக்கிறது. பெயரே 'கிழக்கு' என்ற பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. 1666இல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி இங்கே கப்பல் கட்டும் தளம் அமைத்தது. புதுச்சேரிக்குப் போன கப்பல்கள் இங்கிருந்து கிளம்பின. நம் கரையின் பருத்தித் துணிகள் இங்கே இறங்கின. எதிர்க்கரையில் போர்-லூயி கோட்டைக்குள் உள்ள அருங்காட்சியகத்தில் இந்த வணிகத்தின் கதையைப் பார்க்கலாம். 1746இல் சென்னைக் கோட்டையைக் கைப்பற்றிய லபூர்தொனே, பிரிட்டனியின் சேன்-மலோ ஊரில் பிறந்தவர். 19ஆம் நூற்றாண்டில் லோரியான் மருந்துக் கடைக்காரர் ஒருவர் கலந்த 'கரி கோஸ்' என்ற மசாலாப் பொடி இன்றும் இந்தப் பக்கம் விற்கிறது. மீனுக்கும் கடல் இறாலுக்கும் போடுகிறார்கள். அந்தக் 'கரி' நம் கறிதான்.

அப்புறம், பார்தோன். மன்னிப்பு என்று பொருள்படும் இந்தத் திருவிழாவில் ஊர்ப் புனிதரின் கொடிகளைத் தூக்கிக்கொண்டு நடப்பார்கள். லோக்ரோனானில் ஆறு ஆண்டுக்கு ஒருமுறை 12 கிலோமீட்டர் சுற்றி நடக்கும் பெரிய ஊர்வலம் உண்டு. மேற்கில் கிமிலியோ, சேன்-தெகொனெக் போன்ற சின்ன ஊர்களில் 16, 17ஆம் நூற்றாண்டுக் கருங்கல் சிலைக் கூட்டங்களைக் கண்டால் இவ்வளவு சின்ன ஊருக்கு இவ்வளவு பணம் ஏது என்று கேட்கத் தோன்றும். லினன் துணி வியாபாரம்தான். அதுவும் கடல்வழிப் பணமே.

இதையெல்லாம் விட ஒரே ஒரு இரவு மட்டும் இருக்கிறதென்றால், ஃபெஸ்ட்-நோஸ் எங்கே நடக்கிறது என்று விசாரியுங்கள். இரவுத் திருவிழா என்று பொருள். முன்பு அறுவடை முடிந்ததும், புது வீட்டின் மண் தரையை மிதித்துக் கெட்டிப்படுத்தவும் அக்கம்பக்கத்தார் கூடி ஆடியது. எந்திரங்கள் வந்து கூட்டு வேலை குறைந்ததும் ஆட்டமும் நின்றுபோனது. 1950களில் லோயிஸ் ரோபார்ஸ் போன்றவர்கள் அதை மண்டபத்துக்குக் கொண்டுவந்து மீட்டார்கள். 1972இல் ஆலன் ஸ்டிவெல் கெல்டிக் யாழோடு பாரிஸ் ஒலிம்பியா அரங்கில் வாசித்த பிறகு ஒரு தலைமுறையே இந்த இசைக்குத் திரும்பியது. 2012இல் யுனெஸ்கோவும் பட்டியலில் சேர்த்தது.

மேடையில் இரண்டு பேர் மட்டும் நிற்கலாம், இசைக் கருவி எதுவும் இல்லாமல். முதலாமவர் ஒரு வரி பாடுவார். அந்த வரியின் கடைசி அசைகளில் இரண்டாமவர் சேர்ந்துகொண்டு, அதே வரியைத் திரும்பப் பாடுவார். அவர் முடிக்கும் இடத்தில் முதலாமவர் நுழைவார். 'கான் ஹா திஸ்கான்' என்பது இதுதான். நடுவே மூச்சு விடும் இடைவெளி கேட்காது, அதனால் ஆடும் கால்களும் நிற்பதில்லை. கருவி என்றால் பொம்பார்தும் பினியூவும். பொம்பார்து நாதஸ்வரம் போலவே இரட்டைச் சீவாளி வைத்து ஊதுவது. அதை ஊதுபவர் மூச்சு வாங்கும்போது தோல்பை இசையான பினியூ தொடரும். பாட்டில் இருந்த அதே கைமாற்றல்.

பார்வையாளர் வரிசை என்று தனியாக எதுவும் இருக்காது. பத்து வயதுச் சிறுமியும் எழுபது வயதுத் தாத்தாவும் அதே வளையத்தில் இருப்பார்கள். 'ஆன் த்ரோ' என்ற ஆட்டம் தொடங்கும் வரை காத்திருங்கள். இருப்பதிலேயே எளிது அதுதான். வளையத்தில் இரண்டு பேருக்கு நடுவே நின்று, இருபக்கமும் சுண்டுவிரலை நீட்டினால் அவர்கள் கோர்த்துக்கொள்வார்கள். இடப்பக்கம் மூன்று அடி, நின்ற இடத்திலேயே மூன்று அடி. கைகள் என்ன செய்ய வேண்டும் என்பதைப் பக்கத்தில் இருப்பவரின் விரலே இழுத்துக் காட்டும். கிளம்பும்போது 'த்ருகாரே' என்று சொல்லுங்கள். நன்றி என்று பொருள்.